சும்மா உட்கார்ந்திருக்கும் பெண்

ஏழெட்டு ஆண்டுகளுக்கு முன்பு ஒரு ஞாயிற்றுக்கிழமை மாலை, சென்னையில் ஒரு மாடி அரங்கில் முப்பது பேர் கூடி ஒரு ஹங்கேரியப் படம் பார்த்தோம். காரோய் மாக் 1971இல் எடுத்த 'செரெலெம்'. காதல் என்று பொருள். படம் முடிந்து கீழே தேநீர்க் கடையில் நின்றுகொண்டிருந்தோம். எங்கள் வட்டத்தில் எல்லோருக்கும் மூத்தவரும், நாற்பது ஆண்டுகளாக உலகப் படங்களை விடாமல் பார்த்து வருபவருமான நண்பர் ஒருவர் என்னிடம் சொன்னார்: “அந்தப் பாட்டியம்மா என்னமா நடிச்சிருக்காங்க தம்பி! படுத்த படுக்கையிலேயே படத்தைத் தூக்கி நிறுத்திட்டாங்க. மருமகளா வர்ற பொண்ணுதான் பாவம், சும்மா உட்கார்ந்திருக்கு.” சுற்றி நின்றவர்கள் ஆமோதித்தார்கள். நானும் மறுத்து ஒன்றும் சொல்லவில்லை. ஆனால் பேருந்தில் வீடு திரும்பும்போது கண்ணுக்குள் நின்றது பாட்டியின் முகம் அல்ல, அந்த மருமகளின் முகம். சும்மா உட்கார்ந்திருந்த முகம் ஏன் கூடவே வருகிறது என்ற கேள்வி அன்று தொடங்கி இன்றுவரை என்னை விடவில்லை.

தமிழில் சும்மா என்ற சொல் எத்தனையோ பொருள்களைச் சுமக்கிறது. காசில்லாமல் கிடைப்பதும் சும்மாதான், காரணமில்லாமல் வருவதும் சும்மாதான், வேலையற்று இருப்பதும் அசையாமல் இருப்பதும் அதே சொல்தான். இந்தக் கடைசி இரண்டையும் ஒன்றாக எடுத்துக்கொள்வதில்தான் தவறு நேர்கிறது என்று இப்போது எனக்குத் தோன்றுகிறது. அசையாமல் இருக்கிறவர் ஒன்றும் செய்யாமல் இருப்பதாக நினைத்துவிடுகிறோம். ஐரோப்பியக் கலைப்பட வரலாற்றில், அந்த மருமகளாக நடித்த மாரி தொரோச்சிக் என்ற நடிகையின் இடம் நம்மிடையே சரியாக அறியப்படாமல் போனதற்கும் இந்தக் குழப்பமே பெரிய காரணம் என்பேன். அவருடைய இயக்குநர்களின் பெயர்களை நம் திரைப்பட ஆர்வலர்கள் வரிசையாகச் சொல்வார்கள்: சோல்தான் ஃபாப்ரி, காரோய் மாக், மிக்லோஷ் யாஞ்சோ. இந்த மூவருடைய முக்கியமான படங்களிலும் ஒரே முகம் இருக்கிறது என்பதை யாரும் சேர்த்துச் சொல்லி நான் கேட்டதில்லை. அன்று எங்களுக்குக் கொடுக்கப்பட்ட ஒரு பக்கக் குறிப்பில்கூட இயக்குநர், கதாசிரியர், ஒளிப்பதிவாளர் பெயர்கள் இருந்தன. அவர் பெயர் இல்லை.

ராட்டினத்தில் பறந்தவர்

அவரை உலகம் அறிந்துகொண்டது ஒரு ராட்டினத்தில். ஹெவெஷ் மாவட்டத்துச் சிற்றூர் ஒன்றில் 1935 நவம்பரில் பிறந்து, புடாபெஸ்ட் நாடக, திரைப்படக் கல்லூரியில் படித்துக்கொண்டிருந்த மாணவியை, ஃபாப்ரி தம்முடைய 'கோர்ஹிந்தா' படத்துக்குக் கதாநாயகியாக்கினார். ராட்டினம் என்பதே தலைப்பின் பொருள். இம்ரே ஷர்கதியின் சிறுகதை ஒன்றை அடிப்படையாகக் கொண்ட படம். கூட்டுறவுப் பண்ணையை விட்டு வெளியேறிய விவசாயி ஒருவர், நிலத்தோடு நிலம் சேரட்டும் என்று தம் மகள் மாரியைப் பக்கத்து நிலக்காரனுக்குக் கட்டிக்கொடுக்க முடிவு செய்கிறார். அவள் மனம் கூட்டுறவுப் பண்ணையில் வேலை செய்யும் மாத்தேயிடம் இருக்கிறது. நிலத்துக்காகப் பெண்ணைக் கொடுப்பதை நமக்கு யாரும் விளக்க வேண்டியதில்லை. அக்காலக் கம்யூனிஸ்ட் அரசுக்கு உகந்த வகையில் கூட்டுறவின் பக்கம் சாய்ந்த கதைதான். ஆனால் சந்தையில் சங்கிலி ராட்டினத்தில் அவர்கள் இருவரும் ஏறியவுடன் கொள்கையெல்லாம் தரையிலேயே நின்றுவிடுகிறது. கேமராவும் அவர்களோடு ராட்டினத்தில் ஏறிச் சுற்றுகிறது. பின்னணி முழுவதும் கலங்கிக் கோடுகளாக ஓட, அந்தப் பெண்ணின் முகம் மட்டும் நிலைத்து நிற்கிறது. “பறக்கிறோம், மாரி!” என்று கத்துகிறான் காதலன். ஹங்கேரியில் அந்த வரியைத் தெரியாதவர் அரிது.

அந்தப் படம் 1956 கான் திரைப்பட விழாவின் போட்டிப் பிரிவில் திரையிடப்பட்டது. சத்யஜித் ராயின் 'பதேர் பாஞ்சாலி' மனித ஆவணம் என்ற சிறப்பு விருதைப் பெற்ற அதே விழா. அப்போது விமர்சகராக மட்டும் இருந்த பிரான்சுவா த்ரூஃபோ இந்தப் படத்தையும் அதன் நாயகியையும் மனம்விட்டுப் பாராட்டி எழுதினார். பெரிய விருது கடலுக்கடியில் எடுக்கப்பட்ட ஆவணப்படமான 'மௌன உலக'த்துக்குப் போனது. ஒரு வங்காளக் கிராமமும் ஒரு ஹங்கேரியக் கிராமமும் அந்த ஒரே மாதத்தில் ஒரே நகரத்தில் உலகத்தின் முன் வந்து நின்றன என்பதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு மெய்சிலிர்க்கிறது. அங்கே இருபது வயதில் நின்ற பெண்ணுக்கு, ஆறு மாதத்துக்குள் தம் நாட்டில் புரட்சி வெடிக்கும் என்பதும், நவம்பரில் சோவியத் டாங்கிகள் அதை நசுக்கும் என்பதும் தெரிந்திருக்க வழியில்லை. ராட்டினத்தில் பக்கத்தில் அமர்ந்து பறந்த இம்ரே ஷோஷ் 1957 ஜூனில் இறந்துபோனார். அந்தக் காட்சியை இப்போது பார்க்கும் எவருக்கும் இது தெரிந்துவிட்டால், அவன் கத்தும் அந்த ஒற்றை வரி வேறுவிதமாகக் கேட்கத் தொடங்கிவிடும்.

முதல் படத்திலேயே இப்படி ஒரு பிம்பம் அமைந்துவிடுவது ஒரு நடிகைக்கு நல்லதா கெட்டதா என்பதில் எனக்கு நெடுநாள் தெளிவில்லாமல் இருந்தது. 2021 ஏப்ரலில், 85 வயதில் அவர் இறந்தபோது நான் பார்த்த அஞ்சலிக் குறிப்புகளில் பெரும்பாலானவை ராட்டினத்துப் படத்தையே போட்டிருந்தன. அறுபத்தைந்து ஆண்டு உழைப்பு, நூற்றுக்கும் மேற்பட்ட திரைப்படங்கள், தொலைக்காட்சி நாடகங்கள், புடாபெஸ்ட் தேசிய நாடக அரங்கில் மட்டும் இருபது ஆண்டுகளுக்கு மேல். அத்தனைக்கும் பிறகு மீண்டும் அந்தப் பறக்கும் பெண். அந்தக் காட்சியில் அவர் செய்வது அழகானதுதான், ஆனால் அங்கே காற்றும் வேகமும் கேமராவும் சேர்ந்து பாதி வேலையைச் செய்துவிடுகின்றன. அவருடைய தனித்த திறமை எது என்பதைக் காட்டும் முதல் படம், என்னைப் பொறுத்தவரை, இரண்டாண்டு கழித்து அதே ஃபாப்ரி எடுத்த 'ஏதெஷ் ஆன்னா'. தெஜோ கோஸ்தோலானியின் நாவல். 1919இல் சோவியத் பாணிக் குடியரசு ஒன்று புடாபெஸ்டில் கவிழ்ந்த பிறகு, ஒரு மேல்தட்டு வீட்டில் வேலைக்கு வரும் கிராமத்துப் பெண் ஆன்னா. துடைக்கிறாள், தேய்க்கிறாள், சொன்னதைச் செய்கிறாள். வீட்டுக்கு வந்த உறவுக்கார இளைஞன் அவளைக் கெடுத்துவிட்டுப் போய்விடுகிறான். அவள் ஒன்றும் சொல்வதில்லை. கடைசியில் ஓர் இரவு எசமானையும் எசமானியையும் கத்தியால் குத்திக் கொல்கிறாள். அந்தக் கத்திக்கு முன் அவள் முகத்தில் எந்த முன்னறிவிப்பும் கிடையாது. ஆனால் குத்திய பிறகு திரும்பிப் பார்த்தால், படம் முழுவதும் அது அங்கே இருந்தது என்று நமக்குத் தெரிகிறது. ஓர் அறையில் இன்னொருவர் முன்னால் எதையோ உள்ளே வைத்துக்கொண்டு அமைதியாக இருப்பது. இதுதான் அவருடைய கலை. அதற்கு ஒரு முழுப்படம் கிடைக்க மேலும் 13 ஆண்டுகள் ஆயின.

படுக்கையருகே

'செரெலெம்' படத்தின் கதையைச் சில வரிகளில் சொல்லிவிடலாம். 1953. கணவன் யானோஷ் அரசியல் கைதியாகச் சிறையில் இருக்கிறான். அவனுடைய தாய் படுத்த படுக்கையாகக் கிடக்கிறாள், இன்னும் சில மாதங்கள்தான். மருமகள் லூத்சா, மகன் அமெரிக்காவில் பெரிய படம் ஒன்றை எடுத்துக்கொண்டிருக்கிறான் என்று மாமியாரை நம்ப வைத்திருக்கிறாள். அவன் எழுதுவதாகக் கடிதங்களை அவளே எழுதுகிறாள். கிழவி உருப்பெருக்கிக் கண்ணாடியை வைத்துக்கொண்டு அவற்றை வாசிக்கிறாள். மகன் திரும்புவதற்குள் தாய் இறந்துவிடுகிறாள். இது கற்பனை மட்டும் அல்ல. கதையை எழுதிய திபோர் தேரி, 1956 புரட்சிக்குப் பின் சிறையிலடைக்கப்பட்டு 1960இல் பொதுமன்னிப்பில் வெளிவந்தவர். அந்த ஆண்டுகளில் அவருடைய மனைவி, மகன் வெளிநாட்டில் இருப்பதாகவே மாமியாரிடம் சொல்லி வந்தார். யானோஷாக நடித்த இவான் தார்வாஷும் அதே புரட்சிக்குப் பின் சிறையிலிருந்தவர். பாட்டியாக நடித்த லிலி தார்வாஷ், நாடக ஆசிரியர் ஃபெரென்ஸ் மோல்னாரின் மனைவி, பல ஆண்டுகளுக்கு முன்பே அமெரிக்காவில் குடியேறி, இந்தப் படத்துக்காகத் தாய்நாடு வந்தவர். அமெரிக்காவிலிருந்து மகன் எழுதுகிறான் என்று நம்பும் தாயாக, உண்மையிலேயே அமெரிக்காவிலிருந்து வந்த ஒருவர் நடிக்கிறார். அரசு இந்தப் படத்துக்கு ஆண்டுக்கணக்கில் அனுமதி தரவில்லை என்பதில் வியப்பில்லை.

ஹங்கேரிய மொழியில் அன்புக்கு 'செரெதெத்' என்றும் காதலுக்கு 'செரெலெம்' என்றும் தனித்தனிச் சொற்கள் இருக்கின்றன. நம் மொழியிலும் அப்படித்தான் என்பதால் இதன் கூர்மை நமக்கு உடனே எட்டும். படத்தின் பெரும்பகுதியில் திரையில் இருப்பது ஒரு மாமியாரும் மருமகளும். அவர்களுக்கிடையே இருப்பதை அன்பு எனலாம், போட்டி எனலாம், சண்டை எனலாம். ஆனால் தலைப்பு காதல் என்கிறது. காதலுக்கு உரியவன் கண்ணிலேயே படுவதில்லை. அவன் உயிரோடிருக்கிறானா என்பதுகூட லூத்சாவுக்கு உறுதியாகத் தெரியாது. தலைப்பு எதைச் சொல்கிறதோ அதைத் திரையில் இருக்கும் ஒரே ஒருவர்தான் சுமந்தாக வேண்டும், அதையும் மாமியாருக்குத் தெரியாமல் சுமக்க வேண்டும்.

இரண்டாவது முறை இந்தப் படத்தை நான் வீட்டில் தனியாகப் பார்த்தேன். முதல் முறை ஏன் எல்லோருக்கும் பாட்டி மட்டும் தெரிந்தார் என்பது அப்போதுதான் புரிந்தது. காரணம் மிக எளியது. நாங்கள் துணைத்தலைப்பு வாசித்துக்கொண்டிருந்தோம். மொழி தெரியாத படத்தில் கண் திரையின் அடிப்பக்கத்துக்குப் போகிறது, வாசித்து முடித்ததும் மேலே ஏறுகிறது, ஏறும்போது பேசியவரின் முகத்தையே தேடுகிறது. பேசுகிறவர் நமக்குக் கிடைத்துவிடுகிறார். கேட்டுக்கொண்டிருப்பவர் தவறிப்போகிறார். தொரோச்சிக் இந்தப் படத்தில் கேட்பவர். இரண்டாம் முறை வசனம் எனக்கு ஏறத்தாழத் தெரிந்திருந்ததால் கீழே பார்க்க வேண்டிய தேவை குறைந்தது. பாட்டி தம் மகனின் பெருமையை அந்தக் கடிதத்திலிருந்து வாசிக்க வாசிக்க, நான் அந்தக் கடிதத்தை எழுதியவளைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

அப்போது எனக்கு நினைவுக்கு வந்தது எங்கள் வீட்டுத் திண்ணை. எனக்குப் பதினொரு வயது. சித்தப்பா பம்பாயில் ஒரு பட்டறையில் வேலை பார்த்தார். மாதம் ஒரு நீல நிற இன்லண்ட் கடிதம் வரும். அப்பாயிக்கு எழுத்து தெரியாது, நான்தான் உரக்க வாசித்துக் காட்ட வேண்டும். ஒரு முறை கடிதத்தை முதலில் பிரித்த அம்மா, உள்ளே அழைத்து, ஓரத்தில் ஒட்டும் மடிப்பில் எழுதியிருப்பதை மட்டும் வாசிக்காதே என்றார். சித்தப்பாவுக்குக் காலில் இரும்பு விழுந்து மருத்துவமனையில் இருபது நாள் கிடந்த செய்தியை அவர் அங்கேதான் நெருக்கி நெருக்கி எழுதியிருந்தார், விட்டுவிட்டு வாசிக்க வசதியாக. நான் நடுப்பகுதி முழுவதையும் ஒழுங்காக வாசித்துவிட்டு மடிப்பு வந்ததும் நின்றேன். ஒரு நொடிதான். “ஏன்டா நின்னுட்ட? மடிப்புல என்னமோ எழுதியிருக்கே, அதைப் படி” என்றார் அப்பாயி. எழுத்து தெரியாதவருக்கு எழுதியிருக்கும் இடம் தெரியாதா? “எல்லாரையும் கேட்டதாச் சொல்லவும்னு எழுதியிருக்கு” என்றேன். அப்பாயி என் முகத்தைப் பார்த்தார். பிறகு “சரி, மடிச்சு வை” என்றார். அவருக்குத் தெரிந்துவிட்டதா, தெரிந்தும் விட்டுவிட்டாரா என்பது எனக்கு இன்றுவரை தெரியாது.

அன்று நான் தெரிந்துகொண்டது, பொய் வார்த்தையில் அகப்படுவதில்லை, மூச்சில் அகப்படுகிறது என்பது. வார்த்தை சரியாகத்தான் இருந்தது. நின்றதுதான் தவறு. இதைத் தெரிந்தவனாக லூத்சாவைப் பார்த்தபோது, தொரோச்சிக் செய்திருப்பது எவ்வளவு கடினமானது என்று நடுக்கத்தோடு உணர்ந்தேன். அவர் நிற்பதே இல்லை. தாமே எழுதிய வாசகத்தை முதன்முறை கேட்பவளைப்போலக் கேட்க வேண்டும். அதற்குள் வியப்பு இருக்க வேண்டும், மிகையாகவும் இருக்கக் கூடாது. கணவன் வெளிநாட்டில் புகழோடு இருக்க, இங்கே தனியே விடப்பட்ட மனைவிக்கு இருக்கக்கூடிய சிறு பொறாமையும் தெரிய வேண்டும், இல்லாவிட்டால் கிழவி சந்தேகப்படுவாள். அவர் மாமியாரிடம் குறும்பாகப் பேசுகிறார், எரிச்சல்படுகிறார், வாய்க்கு வாய் பதில் சொல்கிறார். கணவன் சிறையிலிருப்பதால் வேலை போய்விட்டது, வீட்டில் அரசு அந்நியர்களைக் குடிவைத்திருக்கிறது. இவற்றில் ஒன்றையும் அந்தப் படுக்கையறைக்குள் அவர் கொண்டுவருவதில்லை. கதவுக்கு வெளியே கழற்றிவைத்துவிட்டு வருகிறார்.

நம் படங்களில் இத்தகைய காட்சிகளுக்கு ஒரு மரபு உண்டு. மறைப்பவர் முகத்தைத் திருப்பிக்கொள்வார், படுத்திருப்பவருக்குத் தெரியாமல் நமக்குத் தெரியும்படி ஒரு சொட்டுக் கண்ணீர் விடுவார். பார்வையாளர் அந்த ரகசியத்தில் பங்காளியாகிவிடுவார். அந்த மரபை நான் குறைத்துச் சொல்லவில்லை, அதற்கு அதன் பயன் இருக்கிறது. தொரோச்சிக் அந்தப் பங்கை நமக்குப் பெரும்பாலும் தருவதில்லை. படுக்கையருகே இருக்கும்வரை அவர் அந்தக் கிழவிக்கு மட்டுமே உரியவர். நம் பக்கம் ஒரு சாடைகூட இல்லை. உண்மை தெரிந்த நாமும், உண்மை தெரியாத கிழவியைப்போலவே அந்த முகத்தைத் துருவித் துருவிப் பார்க்க வேண்டியிருக்கிறது. அதனால்தான் அவர் சும்மா உட்கார்ந்திருப்பதாகத் தோன்றுகிறது.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். ஒளிப்பதிவாளர் யானோஷ் டோத் இந்தப் படத்தில் கண் இமைக்கும் நேரத்துக்குள் வந்து மறையும் சிறு சிறு காட்சித் துண்டுகளை இடையிடையே பின்னியிருக்கிறார்: பழைய புகைப்படங்கள், பழைய வீடுகள், ஆஸ்திரிய-ஹங்கேரியப் பேரரசுக் காலத்து நினைவுகள். அவை பெரும்பாலும் பாட்டியின் மனத்துக்குள் ஓடுபவை. பாட்டி கண்ணை மூடினால் படமே அவருக்காக நினைத்துப் பார்க்கிறது. லிலி தார்வாஷின் நடிப்பு மகத்தானது, அதில் எனக்கு ஐயம் இல்லை, ஆனால் அவருக்குப் படத்தொகுப்பும் துணைநின்றது. தொரோச்சிக்கிடம் அந்த அறையில் இருந்ததெல்லாம் ஒரு நாற்காலியும் தம் முகமும்தான். 1971 கான் விழாவில் நடுவர் குழு இந்தப் படத்துக்குப் பரிசளித்ததோடு, இரண்டு நடிகைகளையும் சேர்த்தே சிறப்பாகக் குறிப்பிட்டது. அந்த ஒரு தீர்ப்பில் அவர்கள் எங்கள் தேநீர்க் கடையைவிட நேர்மையாக நடந்துகொண்டார்கள்.

கிழவிக்கு உண்மை தெரியுமோ என்ற ஐயம் படத்தைப் பார்க்கும் எல்லோருக்கும் வரும். சில பார்வைகள், சில கேள்விகள் அப்படித்தான் இருக்கின்றன. தெரிந்திருந்தால், மருமகள் மாமியாருக்காக நடிக்கிறாள், மாமியார் மருமகளுக்காக நம்புவதுபோல நடிக்கிறாள். இருவரில் ஒருவர் நின்றாலும் மற்றவரால் தொடர முடியாது. கடைசியில் யானோஷ் திரும்பி வந்து, லூத்சா அவனை எதிர்கொள்ளும்போது, அவள் முகம் அதுவரை நாம் பார்த்த முகமாக இல்லை. படம் முழுவதும் காத்துவந்த ஒன்றை இனி யாரிடமிருந்தும் காக்கத் தேவையில்லை என்ற களைப்பு அதில் இருக்கிறது. ஒன்றரை மணி நேரத்தில் அவர் நடிக்காமல் இருப்பது அப்போதுதான் என்று எனக்குத் தோன்றியது. அந்த நடிக்காமையும் நடிப்புதான் என்பதை மனம் ஏற்றுக்கொள்ளச் சற்று நேரம் பிடித்தது.

ரகசியம் காப்பவர்கள்

இந்தச் சாவி கையில் கிடைத்த பிறகு அவருடைய மற்றப் படங்களைத் தேடித் தேடிப் பார்த்தேன். வேறு வேறு இயக்குநர்கள், முற்றிலும் வேறான பாணிகள், ஆனாலும் அவரிடம் வந்து சேர்ந்த பாத்திரங்கள் ஏதோ ஒன்றை உள்ளே வைத்திருப்பவர்களாகவே இருக்கிறார்கள். யாஞ்சோவின் 1968ஆம் ஆண்டுப் படமான 'மௌனமும் அலறலும்', 1919 குடியரசு கவிழ்ந்த பிறகு அதன் ஆதரவாளர்களை வேட்டையாடிய 'வெள்ளைப் பயங்கர'க் காலத்தில் ஒரு தனிப் பண்ணை வீட்டில் நடக்கிறது. அந்த வீட்டுப் பெண்கள் இருவர் வீட்டாருக்கு மெல்ல மெல்ல நஞ்சூட்டுகிறார்கள். இருவரில் ஒருவர் தொரோச்சிக். வெளியே சிப்பாய்கள் செய்யும் கொடுமை பட்டப்பகலில் நடக்கிறது, உள்ளே நடப்பது சத்தமில்லாமல் நடக்கிறது.

அதே யாஞ்சோவின் 'எலெக்த்ரா, என் காதலே' 1974இல் வந்தது. பரந்த புல்வெளி, குதிரைகள், நடனமாடும் கூட்டம். எழுபது நிமிடப் படம் முழுவதும் ஒரு டஜன் ஷாட்டுகள்தான். நடிகர் தவறினால் வெட்டி ஒட்டிக் காப்பாற்ற முடியாது. கேமரா விலகிப் போகும், எப்போது திரும்பி வந்து முகத்தைப் பிடிக்கும் என்பதைக் கணக்கிட்டு, கூட்டத்தின் நடுவே நடந்தபடியே அந்த நொடிக்குத் தயாராக இருக்க வேண்டும். தந்தையைக் கொன்றவன் ஆளும் நாட்டில், எல்லோரும் மறந்து மகிழ்ச்சியாக இருக்கப் பணிக்கப்பட்டிருக்க, மறக்க மாட்டேன் என்று எலெக்த்ரா ஒருத்தி மட்டும் நிற்கிறாள். 1956ஐ வாய்விட்டுப் பேச முடியாத நாட்டில் அது எப்படிக் கேட்டிருக்கும் என்று ஊகிப்பது கடினமல்ல. இங்கே மட்டும் அவர் மறைப்பவர் அல்ல, உரக்கச் சொல்பவர். உண்மையைச் சொன்னால், இந்தப் படத்தில் அவரை நான் வியந்தேன், நெருங்க முடியவில்லை. யாஞ்சோவின் கேமரா எல்லோரையும் ஓர் இயக்கத்தின் பகுதியாக்கிவிடுகிறது, முகத்தோடு தங்கியிருக்க அதற்கு நேரமில்லை.

கான் விழாவில் சிறந்த நடிகை விருது அவருக்குக் கிடைத்தது 1976இல், பிரெஞ்சு நடிகை தொமினிக் சாந்தாவோடு பகிர்ந்துகொண்டு. படம் 'தேரினே, எங்கே இருக்கிறாய்?'. இயக்கியவர் அவருடைய கணவர் ஜூலா மார். பத்தொன்பதாம் நூற்றாண்டில் ஊர் ஊராகப் போய் ஹங்கேரிய மொழி நாடகத்தை வளர்த்த நடிகை தேரினேயின் வாழ்க்கையில் ஒரு சிறு பகுதி. மேடையை விட்டுக் கணவர் வீட்டுக்குத் திரும்பிவிட்ட அந்த நடிகைக்கு, வீட்டில் வீட்டுக்காரியாக இருக்கத் தெரியவில்லை. இயல்பாக இருக்க முயல்வதே அவருக்கு ஒரு வேடமாகிவிடுகிறது. 'செரெலெம்' படத்தில் அன்புக்காக நடித்த பெண்ணை, இங்கே நடிப்பை நிறுத்தத் தெரியாத பெண்ணாகப் பார்க்கிறோம். இந்த இரண்டு படங்களையும் அடுத்தடுத்து பார்க்க வாய்ப்புள்ளவர்கள் தவறவிட வேண்டாம்.

1989இல் கோஸ்தா காவ்ராஸ் எடுத்த 'மியூசிக் பாக்ஸ்' நம்மில் பலர் பார்த்த படம். போர்க்குற்றம் சாட்டப்பட்ட தந்தைக்காக வழக்காடும் சிகாகோ வழக்கறிஞராக ஜெசிக்கா லாங். புடாபெஸ்டில் அவர் இறந்துபோன ஒருவனின் சகோதரியைச் சந்திக்கிறார். அந்தச் சகோதரி அண்ணன் வைத்திருந்த ஓர் அடகுச் சீட்டை எடுத்துக் கொடுக்கிறார். அந்தச் சீட்டுதான் இறுதியில் எல்லா உண்மையையும் வெளியே இழுத்துவருகிறது. அந்தச் சில நிமிடங்கள் மட்டும் வரும் பெண் தொரோச்சிக். முதன்முறை பார்த்தபோது யாரென்றே எனக்குத் தெரியாது. ஆனாலும் மறக்கவில்லை. பெர்லினில் தங்கக் கரடியைப் பகிர்ந்துகொண்ட ஒரு படத்தின் முடிச்சு அவர் கையிலிருந்து ஒரு துண்டுக் காகிதமாகக் கைமாறுகிறது.

2008இல் இதயம் நின்று, நினைவிழந்து, மருத்துவர்கள் மீட்டெடுத்த பிறகும் அவர் மேடைக்குத் திரும்பினார். 2017இல், 81 வயதில், மார்த்தா மேசாரோஷின் 'ஆரோரா பொரியாலிஸ்' படத்தில், 1950களின் ஆஸ்திரிய எல்லையில் நடந்த ஒன்றை வாழ்நாள் முழுவதும் மகளிடமிருந்து மறைத்த தாயாக நடித்தார். ஒரு கடிதம் வர, அந்தத் தாய் நினைவிழந்து விழுகிறாள், வியன்னாவிலிருந்து மகள் ஓடி வருகிறாள். மறுபடியும் ஒரு கடிதம், மறுபடியும் ஒரு படுக்கை. இந்த முறை படுக்கையில் கிடப்பவர் அவர், அருகில் உட்கார்ந்து முகத்தைத் துருவிப் பார்ப்பவள் வேறொருத்தி. அதே ஆண்டு கான் விழாவின் செவ்வியல் பிரிவில், புதுப்பிக்கப்பட்ட பிரதியாக 'கோர்ஹிந்தா' மீண்டும் திரையிடப்பட்டது. ராட்டினத்தில் பறந்த இருபது வயதுப் பெண்ணும், பேச மறுத்துப் படுத்திருக்கும் கிழவியும் ஒரே ஆண்டில் திரையில் இருந்தார்கள்.

போன மாதம் அந்த மூத்த நண்பரைப் பார்க்கப் போயிருந்தேன். இப்போது அவரால் அதிகம் வெளியே வர முடிவதில்லை. பழைய பேச்சை நான் நினைவூட்டவில்லை, 'செரெலெம்' பார்க்கலாமா என்று மட்டும் கேட்டேன். வசனம்தான் தெரியுமே என்று துணைத்தலைப்பை நிறுத்திவிட்டோம். பாட்டி உருப்பெருக்கியை எடுத்துக் கடிதத்தை வாசிக்கத் தொடங்கியதும், அவர் என் கையிலிருந்து ரிமோட்டை வாங்கிக்கொண்டார். காட்சி முடிந்தவுடன் பின்னால் ஓட்டினார், மறுபடி பார்த்தார், மறுபடி ஓட்டினார். மூன்றாவது முறை அவர் கண் கட்டில் பக்கம் போகவே இல்லை.